காயின் விழும் கணக்கு



தலைப்பைப் பார்த்துவிட்டு, "ஆஹா, நம்ம ஆளு பணம் பண்ண வழி சொல்லப் போறான்டா!" என்று ஆவலோடு இந்தப் பக்கத்துக்கு வந்திருந்தால் கொஞ்சம் பொறுங்கள். நான் சொல்லப் போவது போக்கிமான் என்ற வீடியோ விளையாட்டுக்குள் இருக்கும் சூதாட்டக் கூடத்தில் ஜெயிப்பது எப்படி என்பதைத்தான். அங்கே கிடைக்கும் காயினை வைத்து நம் கேண்டீனில் ஒரு டீ கூட வாங்க முடியாது. ஆனாலும் கடைசி வரை படியுங்கள். விஷயம் இருக்கிறது.

போக்கிமான் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. ஜப்பானில் 1996-இல் நிண்டெண்டோ கேம்பாயில் வந்த விளையாட்டு. காடு மேடெல்லாம் சுற்றி விதவிதமான பிராணிகளைப் பிடித்துச் சேர்ப்பது, பழக்குவது, மற்றவர்களோடு மோத விடுவது. பிக்காச்சுவை டி.வி.யில் பார்க்காதவர் யார்? அந்த விளையாட்டில் செலடான் என்று ஒரு ஊர் வருகிறது. அந்த ஊரில் ஒரு கூடம். உள்ளே வரிசையாக ஸ்லாட் மெஷின்கள். காயின் சேர்த்தால் வேறெங்கும் கிடைக்காத பொரிகான் என்ற போக்கிமானைப் பரிசாக வாங்கலாம்.

என்ன விலை தெரியுமா? சிவப்புப் பதிப்பில் 9,999 காயின்! நீலப் பதிப்பில் 6,500. காயினைக் காசு கொடுத்தும் வாங்கலாம், 50 காயின் 1,000 ரூபாய் (விளையாட்டு ரூபாய்தான், பயப்படாதீர்கள்). அப்படியானால் சிவப்பில் பொரிகானின் விலை ஏறக்குறைய இரண்டு லட்சம். விளையாட்டில் அவ்வளவு சேர்ப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிடும். அதனால்தான் எல்லாரும் "சும்மா மெஷின்ல ஆடியே ஜெயிச்சுரலாம்" என்று உட்கார்ந்து விடுகிறார்கள். நிஜ உலகத்திலும் ஆசை இப்படித்தானே ஆரம்பிக்கிறது!

இன்னொரு வேடிக்கை. அந்தக் கூடத்தின் சுவரில் ஒரு போஸ்டர் ஒட்டியிருக்கும். அதன் பின்னால் ஒரு சுவிட்ச். அழுத்தினால் படிக்கட்டு திறக்கும். கீழே ராக்கெட் கும்பல் என்ற வில்லன்களின் மறைவிடம்! மேலே ஜனங்கள் காயின் போட்டுக்கொண்டிருக்க, அடித்தளத்தில் வில்லன்கள் இருக்கிறார்கள். விளையாட்டை எழுதியவர்கள் விவரமானவர்கள்தான்.

முதல் ஆட்டம்: மூன்று சக்கரம்

மெஷினில் மூன்று சக்கரம் சுற்றும். ஒன்று முதல் மூன்று காயின் வரை போடலாம். பட்டனை அமுக்கி ஒவ்வொன்றாக நிறுத்த வேண்டும். மூன்று ஏழு வரிசையாக விழுந்தால் 300 காயின். மூன்று 'பார்' விழுந்தால் 100. செர்ரிப் பழம் விழுந்தால் 8.

"கண்ணைக் கூர்மையா வெச்சு, டைமிங் பார்த்து அமுக்கினா ஏழு விழும்" என்று சொல்பவர்கள் நிறைய. நம்பாதீர்கள். பட்டனை நீங்கள் அமுக்கும் முன்பே உள்ளே இருக்கும் புரோகிராம் ஒரு எண்ணைத் தோராயமாக எடுத்து, இந்தச் சுற்றில் ஏழு விழலாமா கூடாதா என்று முடிவு செய்துவிடுகிறது. கூடாது என்றால், நீங்கள் எவ்வளவு சரியாக அமுக்கினாலும் சக்கரம் நைசாக நழுவித் தள்ளிப் போய் நிற்கும். நாமோ "ச்சே, மயிரிழையில் போச்சே" என்று அடுத்த காயினைப் போடுவோம். போனது மயிரிழையில் இல்லை நண்பர்களே, போக வைத்தார்கள். ஜப்பானில் நிஜமாகவே இருக்கும் பாச்சிஸ்லோ மெஷின்களிலும் சக்கரம் இப்படி நழுவும்.

அப்படியானால் வழியே இல்லையா? இரண்டு உண்டு. கூடத்துக்குள் நீங்கள் நுழையும் ஒவ்வொரு தடவையும் புரோகிராம் ஒரு மெஷினை மட்டும் ரகசியமாக அதிர்ஷ்ட மெஷினாகத் தேர்ந்தெடுக்கிறது. அதில் ஏழு விழும் வாய்ப்பு மற்றதை விடக் கூடுதல். ஆகவே ஒரே மெஷினைக் கட்டிக்கொண்டு அழாமல் பல மெஷின்களில் கொஞ்சம் கொஞ்சம் ஆடிப் பார்க்க வேண்டும். இது முதல் வழி.

இரண்டாவது வழிதான் ராஜ வழி. ஆடும் முன் விளையாட்டை 'சேவ்' செய்து கொள்ளுங்கள். ஜெயித்தால் மறுபடி சேவ். தோற்றால் ஸ்விட்சை அணைத்துப் போடுங்கள், தோற்றதே நடக்கவில்லை! உலகத்தில் எந்தச் சூதாட்டத்துக்கும் இல்லாத வசதி இது. இந்த ஒரு வரியை மட்டும் ஞாபகத்தில் வையுங்கள், பின்னால் தேவைப்படும்.

இரண்டாம் ஆட்டம்: சீட்டு

1999-இல் வந்த தங்கம், வெள்ளிப் பதிப்புகளில் கோல்டன்ராட் நகரத்தில் ஒரு சீட்டாட்டம் உண்டு. மொத்தம் 24 சீட்டு. நான்கு போக்கிமான், ஒவ்வொன்றுக்கும் ஒன்று முதல் ஆறு வரை எண். மூன்று காயின் கட்டி, வரப்போகும் சீட்டு எது என்று சொல்ல வேண்டும். குறிப்பாக ஒரே சீட்டைச் சொல்லி அடித்தால் 72 காயின். "பிக்காச்சுதான் வரும், எண் எதுவானாலும் சரி" என்று ஆறு சீட்டுக்குச் சேர்த்துக் கட்டினால் 12. இரண்டு போக்கிமானுக்கு, அதாவது பன்னிரண்டு சீட்டுக்குக் கட்டினால் 6.

நம் கணக்கு வாத்தியார் சொல்லிக்கொடுத்த நிகழ்தகவை இங்கே போட்டுப் பாருங்கள். 24-இல் ஒன்று, பரிசு 72. சராசரியாகக் கைக்கு வருவது 72-ஐ 24-ஆல் வகுத்தால் 3. கட்டியதும் 3. ஆறு சீட்டுக்கு: 24-இல் ஆறு, பரிசு 12, சராசரி அதே 3. பன்னிரண்டுக்கும் அதே 3. ஆக, முதல் சீட்டில் இது நூற்றுக்கு நூறு நியாயமான ஆட்டம். லாபமும் இல்லை, நஷ்டமும் இல்லை.

ஆனால் வந்த சீட்டு கட்டுக்குள் உடனே திரும்பப் போவதில்லை! எது எது வந்துவிட்டது என்று பலகையிலேயே தெரியும். எட்டு சீட்டு வந்த பிறகு நமக்குத் தெரியாத சீட்டு 16. இன்னும் வராத ஒரு சீட்டைக் கட்டினால் 72-ஐ 16-ஆல் வகுக்க வேண்டும், நாலரை. அதாவது 3 காயினுக்குச் சராசரி 4.5 காயின். இப்போது ஆட்டம் நம் பக்கம் சாய்ந்துவிட்டது.

இதில் ஒரு நுணுக்கம். ஒரு போக்கிமானின் ஆறு சீட்டும் இன்னும் வராமல் இருந்தால், அந்த ஆறுக்கும் சேர்த்துக் கட்டுங்கள். 16-இல் ஆறு, பரிசு 12. சராசரி அதே நாலரைதான். ஆனால் அடிக்கடி ஜெயிப்போம், ஒரேயடியாகக் கை காலியாகாது. லாபம் ஒன்றாக இருக்கும்போது ஆட்டம் கம்மியாக இருக்கும் வழியை எடு. லேத்தில் ஜாப் போடுபவனுக்கு இதை விளக்கவே வேண்டாம்.

மூன்றாம் ஆட்டம்: வோல்டார்ப்

எனக்கு மிகவும் பிடித்தது இதுதான். 2009-இல் ஜப்பானில் வந்த ஹார்ட்கோல்டு, சோல்சில்வர் பதிப்புகள் மறு ஆண்டு மற்ற நாடுகளுக்குப் போனபோது, ஸ்லாட் மெஷின்களை எடுத்துவிட்டு இந்தப் புதிரை வைத்தார்கள். குழந்தைகள் ஆடும் விளையாட்டில் சூதாட்டம் எதற்கு என்ற கேள்வி ஐரோப்பாவிலும் கொரியாவிலும் எழுந்திருந்தது. 2010-இல் வந்த கருப்பு, வெள்ளைப் பதிப்புகளில் கூடமே இல்லை. 2014-இல் ஒரு பழைய பதிப்பைப் புதுப்பித்தபோது அதிலிருந்த கூடத்தை மூடியே காட்டினார்கள்.

புதிர் இதுதான். ஐந்துக்கு ஐந்து, 25 அட்டை கவிழ்த்து வைத்திருக்கும். சிலவற்றின் அடியில் 1, 2, 3. சிலவற்றின் அடியில் வோல்டார்ப் என்ற வெடிகுண்டு. திறக்கிற எண்கள் ஒன்றோடொன்று பெருகிக்கொண்டே போகும். 2, 3, 2 திறந்தால் 12 காயின். குண்டைத் தொட்டால் அந்தச் சுற்றில் சேர்த்தது பூஜ்யம். ஒவ்வொரு வரிசைக்கும் பத்திக்கும் ஓரத்தில் இரண்டு குறிப்பு இருக்கும்: எண்களின் கூட்டுத்தொகை, குண்டுகளின் எண்ணிக்கை.

குண்டு பூஜ்யம் என்று இருக்கும் வரிசையைக் கண்ணை மூடிக்கொண்டு திறக்கலாம். அது எல்லாருக்கும் தெரியும். என் சூத்திரம் அடுத்தது: கூட்டுத்தொகையோடு குண்டுகளைக் கூட்டி ஐந்தைக் கழியுங்கள். விடை பூஜ்யம் என்றால் அந்த வரிசையில் 1-ம் குண்டும் தவிர வேறெதுவும் இல்லை. உதாரணம்: கூட்டு 4, குண்டு 1. நான்கு அட்டையிலும் 1 தான். ஒன்றால் பெருக்கி என்ன லாபம்? தொடவே தொடாதீர்கள். கூட்டு 7, குண்டு 1 என்றால் விடை 3. ஒன்று மூன்று '2', இல்லாவிட்டால் ஒரு '3', ஒரு '2'. கூட்டு 6, குண்டு 3 என்றால் மிச்சம் இரண்டு அட்டையும் 3. இப்படி வரிசையையும் பத்தியையும் குறுக்கே வைத்துப் பார்த்தால் பாதி அட்டையைத் திறக்காமலே சொல்லிவிடலாம். கோ, நோ-கோ கேஜ் மாதிரிதான். உள்ளே போகுதா, போகலையா, அவ்வளவே.

கடைசி விதி: எப்போது எழுந்து போவது? கையில் 12 காயின். அடுத்த அட்டை பாதிக்குப் பாதி குண்டு, இல்லாவிட்டால் 2. ஜெயித்தால் 24, தோற்றால் 0, சராசரி 12. கையில் இருப்பதும் 12 தானே, எதற்குத் தொட வேண்டும்? அது 1 ஆகவும் இருக்கலாம் என்றால் நஷ்டக் கணக்கு. எழுந்து விடுங்கள். சேர்த்த காயின் உங்களுக்கே.

"மாமனுக்கும் சொல்லிக் குடு சாமி"

2024 பொங்கல் லீவு. பீளமேட்டில் இருக்கும் மாமா வீட்டுக்குப் போயிருந்தேன். மாமாவுக்கு வீட்டை ஒட்டியே லேத் பட்டறை. மோட்டார் பம்புக்கு ஷாப்ட் கடையும் ஜாப் ஒர்க். முன்பு இரண்டு லேத் இருந்தது. ஆறடி லேத்தை முந்தின வருஷம் விற்றுவிட்டார். ஆர்டர் இல்லை என்று அத்தையிடம் சொல்லியிருந்தார்.

சாயங்காலம் திண்ணையில் நான் வோல்டார்ப் ஆடிக்கொண்டிருந்ததை மாமா ரொம்ப நேரம் பார்த்தார்.

"ஏங்கண்ணு, இதுல நீ தோக்கவே மாட்டயா?"

"தோப்பனுங்க மாமா. ஆனா கணக்குப் போட்டா கம்மியாத் தோப்பேன்."

குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னார்: "நானும் போன்ல ரம்மி ஆடறேன். நல்லாத்தான் ஆடறேன், கை நிக்க மாட்டேங்குது. அந்தக் கணக்கை மாமனுக்கும் சொல்லிக் குடு சாமி."

மாமா திறமைசாலிதான். கோயில் நோம்பியில் அவரோடு சீட்டு ஆட ஆள் வராது. ரம்மி பெரும்பாலும் திறமை ஆட்டம்தான் என்று 1967-இலேயே உச்ச நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது. ஆட்டத்தை நடத்துகிறவர் அதில் லாபம் எடுத்தால் விஷயம் வேறு என்பதையும் அதே தீர்ப்பு சொல்லியிருக்கிறது. எல்லாரும் முதல் பாதியை மட்டும் ஞாபகம் வைத்துக்கொண்டார்கள்.

நான் ஒரு பேப்பரில் போட்டுக் காட்டினேன். ஆறு பேர், தலைக்கு நூறு, மொத்தம் 600. நடத்துகிறவன் பத்து சதவீதம் எடுத்தால் ஆட்டத்துக்கு 60. ஆறு பேரும் ஆளுக்கு ஆயிரம் கொண்டு வந்து உட்கார்ந்தால் மேஜையில் 6,000. நூறு ஆட்டம் முடிந்தால் 60 பெருக்கல் 100, அந்த ஆறாயிரமும் நடத்துகிறவனிடம்! யார் கெட்டி, யார் சொத்தை என்ற பேச்சே இல்லை. ஆறு பேரும் சமமாக ஆடினாலும் ஆறு பேர் பையும் காலி. அதற்கு மேல் 2023 அக்டோபரில் இருந்து போடும் பணத்துக்கு 28 சதவீதம் ஜி.எஸ்.டி. வேறு.

"அப்ப நான் ஜெயிச்சதெல்லாம்?" என்றார். பேங்க் கணக்கை போனில் எடுக்கச் சொன்னேன். போட்டது ஒரு பக்கம், எடுத்தது ஒரு பக்கம். இரண்டு பேரும் உட்கார்ந்து கூட்டினோம். பதினாலு மாசத்தில் போட்டது மூன்று லட்சத்து நாற்பதாயிரம். எடுத்தது ஒரு லட்சத்துத் தொண்ணூற்றைந்தாயிரம். ஜெயித்த நாளெல்லாம் அவருக்கு மனப்பாடமாக இருந்தது, தேதியோடு சொன்னார். தோற்ற நாள் ஒன்று கூட ஞாபகம் இல்லை. எல்லாம் ஐந்நூறு, முந்நூறு என்று சின்னச் சின்னதாகப் போயிருந்தது. நடுவில் ஒரே நாளில் ஒரு பெரிய தொகை. அது லேத் விற்ற வாரம்.

அத்தை எப்போது வந்து பின்னால் நின்றார்கள் என்று தெரியவில்லை. "அந்த ஆறடி லேத்து போனது இதுக்குத்தானுங்களா?" என்று மட்டும் கேட்டார்கள். சத்தம் போடவில்லை, அழவில்லை. மாமா பதில் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் கழித்து போனை எடுத்து அத்தை கையில் கொடுத்துவிட்டுப் பட்டறைக்குள் போனார். லைட் போடாமலே வெகுநேரம் உள்ளே இருந்தார்.

பட்டறையில் இப்போதும் ஒரே லேத்துதான். மற்றது இருந்த இடத்தில் பவுண்டேஷன் போல்ட் நான்கும் கிரீஸ் பிடித்துத் தலை நீட்டிக்கொண்டிருக்கின்றன. மாமா முழுசாக விட்டுவிட்டாரா என்று கேட்கிற வயசு எனக்கு இல்லை. நான் போகும்போதெல்லாம் பழைய பட்டன் போனில்தான் பேசுகிறார். அது எனக்குப் போதும்.

டபுள் டபுளாகக் கட்டினால்?

இனி நம் விடுதிக் கதை. பெயர் சொல்ல மாட்டேன், அடிக்க வருவான். யாரோ அனுப்பிய லிங்கில் கலர் சொல்லும் ஆட்டம். சிவப்பா, பச்சையா? அவ்வளவுதான். "தோத்தா டபுளாக் கட்டு, மறுபடி தோத்தா அதுக்கும் டபுள். என்னிக்காவது ஜெயிச்சே ஆகணும்ல, அப்ப எல்லாம் வந்துரும்!" என்று செமஸ்டர் பீசைக் கையில் வைத்துக்கொண்டு எனக்கே பாடம் எடுத்தான்.

ரெக்கார்டு பேப்பரின் பின்பக்கத்தில் எழுதினோம். 100, 200, 400, 800, 1,600, 3,200, 6,400, 12,800. எட்டு தடவை தொடர்ந்து தோற்றால் போனது 25,500. ஒன்பதாவதாகக் கட்ட வேண்டியது 25,600. இத்தனையும் எதற்கு? கடைசியில் ஜெயித்தால் கிடைக்கும் நிகர லாபம் வெறும் 100! எட்டு தடவை தொடர்ந்து தோற்பது, நாணயம் மாதிரி நேர்மையான ஆட்டம் என்றாலே, 256-இல் ஒரு தடவை நடக்கும். நாள் முழுக்க ஆடுகிறவனுக்கு 256 ஆட்டம் எத்தனை நாள் தாங்கும்? அதுவும் யார் எந்தக் கலரில் எவ்வளவு கட்டியிருக்கிறார்கள் என்று தெரிந்த கம்ப்யூட்டர்தான் கலரையே சொல்கிறது. போக்கிமான் மெஷினாவது வெறும் காயினுக்கு நழுவியது.

அவன் பீஸ் கட்டிவிட்டான். ஆனால் ஒரு வாரம் என்னோடு பேசவில்லை. பரவாயில்லை.

புதுசா என்ன?

இதெல்லாம் நம் ஊருக்குப் புதிதும் அல்ல. மில்லில் வேலை பார்த்த எங்கள் அப்புச்சி சம்பள நாளில் லாட்டரிச் சீட்டு வாங்காமல் வீட்டுக்கு வந்ததில்லையாம். 1968-இல் தமிழக அரசே லாட்டரி நடத்த ஆரம்பித்தது. பிறகு ஒற்றை எண் லாட்டரி என்று வந்து கூலிக்காரர்களின் அன்றாடச் சம்பளத்தை அன்றன்றைக்கே வாரிக்கொண்டு போனது. 1998-இல் மத்தியச் சட்டம் ஒற்றை எண்ணைத் தடுத்தது. 2003 ஜனவரியில் தமிழ்நாட்டில் லாட்டரியே தடை செய்யப்பட்டது. ஆனாலும் வாளையார் தாண்டினால் கேரளா லாட்டரிக் கடைகள். ஆசைக்கு செக்போஸ்ட் ஏது!

போன் ஆட்டத்துக்கும் சட்டம் வந்தது. 2021-இல் வந்த தமிழ்நாட்டுச் சட்டத்தை அதே ஆண்டு ஆகஸ்டில் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 2023 ஏப்ரலில் மறுபடி ஒரு சட்டம். அந்த நவம்பரில் நீதிமன்றம் சட்டத்தை ஏற்றுக்கொண்டு, ரம்மியையும் போக்கரையும் மட்டும் தடையில் இருந்து விலக்கியது. 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் பணம் கட்டி ஆடும் ஆன்லைன் ஆட்டங்கள் எல்லாவற்றையும் தடுத்துச் சட்டம் போட்டது. நல்லது. ஆனால் நம் நண்பனுக்கு லிங்க் வந்தது அதற்குப் பிறகுதான்.

ஆகவே சட்டத்தை மட்டும் நம்பாமல், எந்த ஆட்டத்தில் உட்காரும் முன்பும் மூன்று கேள்வி கேளுங்கள்.

ஒன்று: என் கணக்கு இந்த ஆட்டத்தில் எதையாவது மாற்றுமா, அல்லது நான் அமுக்கும் முன்பே முடிவாகிவிட்டதா?

இரண்டு: ஒவ்வொரு ஆட்டத்திலும் மேஜையில் இருந்து யாராவது பங்கு எடுக்கிறார்களா?

மூன்று: தோற்றால் ஸ்விட்சை அணைத்து, சேவ் செய்த இடத்தில் இருந்து மறுபடி ஆரம்பிக்க முடியுமா?

மூன்றாவது கேள்விக்கு "முடியும்" என்று பதில் வருகிற ஆட்டத்தை மட்டும் ஆசை தீர ஆடுங்கள். விற்ற லேத்துக்கு சேவ் கிடையாது. கட்டாத பீசுக்கும், போன செமஸ்டருக்கும் கிடையாது.

வோல்டார்ப் கற்றுக்கொள்ள விரும்புகிறவர்கள் சனிக்கிழமை சாயங்காலம் விடுதி மாடிக்கு வரலாம். சூத்திரம் இலவசம். வரும்போது ஆளுக்கு ஒரு பாக்கெட் முறுக்கு கொண்டு வந்தால் ஆசிரியருக்கு ஆட்சேபணை இல்லை!

(மூன்றாம் ஆண்டு, இயந்திரவியல்)